பேசும் உடுக்கு

விழா மலர்க் குழுவினர் என்னை அணுகி, "நீர் நம் கல்லூரியிற் பௌதிகம் பயின்றவர், ஒலியைப்பற்றி யாவர்க்கும் விளங்கும்படி ஒரு கட்டுரை வரைந்து தருக" என்று பணித்தனர். ஒலி என்பது கடலினும் பெரிது. ஆதலின் ஒரேயொரு கருவியின் ஒலியைப்பற்றி மட்டும் எழுதுகின்றேன். யான் பிறந்து வளர்ந்த மஸ்கெலியாத் தோட்டத்திலே, முதிய கோடாங்கி ஒருவரின் லயத்துக் காம்பராவில், முகட்டு வளையில் மஞ்சட் சீலையிற் சுற்றித் தொங்கிய உடுக்கே அக்கருவி. சிறுவர் எவரும் அதனைத் தொடலாகாது என்பது எங்கள் லயத்துச் சட்டம். தொட்டவன் காதிற் செத்தவர் குரல் ஏறிவிடும்; ஏறிய குரல் பின்னர் இறங்காது; அவன் சோறு தின்னும்போதும் உறங்கும்போதும் அது பேசிக்கொண்டேயிருக்கும் என்று முதியோர் சொல்லுவர். பந்து விளையாடும்போது பந்து அக்காம்பரா வாயிலிற் போய் விழுந்தால், அதனை எடுத்துவர எங்களுள் எவனுக்கும் துணிவு இராது. அவ்வாறு இழந்த பந்துகள் பல.

கோடாங்கி என்னும் பெயர் குறி சொல்லும் ஆளுக்கும் வழங்கும். அவர் கையிலுள்ள கருவிக்கும் வழங்கும். ஆளையும் கருவியையும் வேறுபடுத்தாத இவ்வழக்கிலே பொருள் உண்டு. உடுக்கில்லாத கோடாங்கியிடம் ஒருவரும் குறி கேட்பதில்லை. வீடுதோறும் விடியற்காலையில் வந்து நற்சொல் கூறிச் செல்வோன் கையிலுள்ள குடுகுடுப்பை வேறு, இது வேறு. குடுகுடுப்பையைக் குலுக்கினால் நூலிற் கட்டிய மணி தோலில் மோதி ஒலிக்கும். உடுக்கையோ விரலால் முழக்குவர்.

அதன் அமைப்பைச் சிறிது கூறுவேன். மரத்தாலோ பித்தளையாலோ ஆன உடல். இரு வாயும் அகன்று நடுவே ஒடுங்கியது. மகளிர் இடைக்குத் துடியை உவமை கூறிய பழம்புலவர் கண்ட வடிவம் இதுவே. இரு வாயிலும் வளையங்களில் இழுத்துக் கட்டிய மெல்லிய ஆட்டுத்தோல். ஒரு தோலிலிருந்து மற்றைத் தோலுக்கு மாறிமாறி ஓடும் கயிறு. அக்கயிறுகள் யாவற்றையும் இடுப்பிலே சேர்த்துப் பிடிக்கும் ஒரு கச்சை. இடக்கையால் இடுப்பைப் பற்றி நெருக்கினால் கயிறுகள் இறுகும், தோல் விறைக்கும், சுருதி ஏறும். பிடி தளர்ந்தாற் சுருதி இறங்கும். மத்தளத்துக்கும் தப்புக்கும் இல்லாத சிறப்பு இது. தப்பை நெருப்பிற் காய்ச்சிச் சுருதி ஏற்றுவர். ஆயின் ஒருமுறை ஏற்றியபின் அடிக்கும்போது அது அசையாது. உடுக்கோ அடிக்கு அடி அசையும்.

நம் கல்லூரி ஆய்வுகூடத்திலே சுரமானிக் கம்பியில் எடைகளைத் தொங்கவிட்டு யாம் கற்ற விதி பலருக்கு நினைவிருக்கும். இழுவிசை நான்கு மடங்கானாற் சுருதி இரு மடங்காகும்; அஃதாவது ஒரு ஸ்தாயி உயரும். தோலுக்கும் அவ்விதியே. கோடாங்கியின் இடக்கைப் பெருவிரல் அந்த எடைகளின் வேலையைச் செய்கின்றது. ஆனால் படிப்படியாக அன்று, வழுக்கிச் செல்லும் வகையிலே செய்கின்றது. மனிதர் பேசும்போது குரல் செல்லும் வகையும் இதுவே. கேள்வி கேட்கையில் ஈற்றில் ஏறுகின்றது. சொல்லி முடிக்கையிற் சரிகின்றது. அழுகையில் நெளிந்து நெளிந்து இறங்குகின்றது. உடுக்கு இவை மூன்றையும் செய்யவல்லது. உயிரெழுத்தும் மெய்யெழுத்தும் அதற்கில்லை. பேச்சின் ஏற்ற இறக்கம் மட்டும் உண்டு. அடுத்த அறையிற் கதவு சாத்தியபின் இருவர் பேசினால், சொற்கள் விளங்கா. ஆயினும் கெஞ்சுகின்றார்களா சினக்கின்றார்களா என்பது விளங்கும் அன்றோ? உடுக்கு கதவுக்கு அப்பாலிருந்து பேசுகின்றது. அக்கதவின் பெயர் மரணம் என்று எம் மக்கள் கொண்டனர்.

இவ்வுத்தி நமக்கு மட்டும் உரியதன்று. மேற்கு ஆபிரிக்காவின் யொரூபா மக்கள் இதே இடையொடுங்கிய வடிவமும் இதே கயிற்று அமைப்பும் உடைய முழவினால் உண்மையாகவே பேசுகின்றனர். அவர்கள் மொழியிற் சுருதி மாறினாற் சொல்லின் பொருளே மாறும். ஆதலின் முழவின் ஏற்ற இறக்கத்தைக் கொண்டு கேட்போர் வாக்கியத்தையே அறிந்துகொள்வர். தமிழ் அவ்வகை மொழியன்று. ஆகவே நம் உடுக்கு தன் பேச்சை முடிக்க ஒரு மனிதவாயை நாடுகின்றது.

அவ்வாயை அது பெறும் விதம் பழமையானது. சங்க நூல்களில் வேலன் வெறியாட்டும், நடுகல்லுக்குச் செய்யும் வழிபாடும் வருகின்றன. இறந்தோர் குரல் எழும் காட்சியைத் தெளிவாகக் காணவேண்டுமாயின், சிலப்பதிகாரத்து இறுதியிலுள்ள வரந்தரு காதையைப் பார்த்தல் வேண்டும். அங்கே தேவந்திமேற் பாசண்டச் சாத்தன் ஆவேசிக்கின்றான். கரகத்து நீர் மூன்று சிறுமியர்மேற் தெளிக்கப்படுகின்றது. உடனே அச்சிறுமியர் கண்ணகியைப் பெற்றவளாகவும், கோவலனைப் பெற்றவளாகவும், இடைச்சேரி மாதரியாகவும் நின்று அழுது அரற்றுகின்றனர். கேட்டிருப்பவன் சேரன் செங்குட்டுவன். இமயம் வரை சென்று கல் கொணர்ந்த வேந்தனும், குழந்தைகளின் வாயால் இறந்தோர் பேசியதைக் கேட்டு நின்றான் எனின், லயத்துக் காம்பராவிலே கேட்டு நின்றவர்களை யாம் எளிதில் நகைத்தல் முறையோ?

தென்னார்க்காட்டுப் பகுதியிலே இன்னொரு வழக்கு உண்டு. வீட்டில் மணவினை நிகழுமுன், இறந்த குடும்பத்தவரைப் 'பூவாடைக்காரி' என அழைத்து, பம்பையும் உடுக்கையும் முழங்க நீர்நிலையிலிருந்து குடத்திலே வீட்டுக்குக் கொணர்வர். அப்பொழுது வீட்டார் ஒருவர்மேல் அவர் இறங்கிப் பேசுவார். இசபெல் நபோகோவ் என்னும் மானிடவியலாளர் தென்னார்க்காட்டிற் பல காலம் தங்கி இவற்றை ஆராய்ந்து 2000 ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டார். எம் முன்னோர் கடல் கடந்தபோது பெட்டி படுக்கை கொணர்ந்தாரோ இல்லையோ, இத்தெய்வங்களையும் வழக்கங்களையும் கொணர்ந்தனர். வந்த இடத்திற் புதியனவும் சேர்த்தனர். தேயிலைத் தொழிற்சாலைச் சக்கரத்துக்கு ரோதை என்று பெயர். போர்த்துக்கேயச் சொல்லின் வழி வந்தது. அச்சக்கரத்துக்கும் ரோதமுனி என ஒரு காவற்றெய்வத்தை ஆக்கிக்கொண்டனர். இரும்பினுள்ளும் முனியைக் கண்டவர்க்கு ஆட்டுத்தோலில் ஆவியைக் காண்பது அரிதாகுமோ?

மலைநாட்டிலே இறந்தோர்க்குக் கல்லில்லை, பெயர் பொறித்த பலகையும் பெரும்பாலும் இல்லை. தோட்டத்து மேட்டிலே ஒரு துண்டு நிலம். அதன் எல்லைவரை தேயிலை. இரண்டு தலைமுறை கழிந்தால் எந்த மேடு எவருடையது என்று காட்டுவாரும் இரார். போதாக்குறைக்கு எங்கள் பழைய மஸ்கெலியா நகரே 1960களின் இறுதியில் மவுசாகலை நீர்த்தேக்கத்தினுள் அமிழ்ந்துவிட்டது. கடும் வரட்சியில் நீர் வற்றுங்காற் பழைய வழிபாட்டிடங்களின் சிதைவுகள் வெளித்தோன்றும்; மக்கள் சென்று பார்த்து மீள்வர். இத்தகைய ஊரில் இறந்தோர் தங்குவதற்கு உயிரோடிருப்பவர் காதைத் தவிர வேறிடமில்லை. சாவீட்டில் ஒப்பாரி வைக்கும் பெண்கள் இறந்தவரை நோக்கிக் கேள்விமேற் கேள்வி கேட்கின்றனர்: எங்களை யாரிடம் விட்டுச் சென்றாய், என்ன குறை கண்டாய் என்று. ஒப்பாரிக்கு அன்று விடை வருவதில்லை. சில மாதம் கழித்து உடுக்கின்வழி வருகின்றது.

உடுக்கொலி ஆவேசத்தை உண்டாக்குவது எங்ஙனம்? 1962 இல் அந்திரு நீயர் என்னும் அமெரிக்க ஆய்வாளர், முழவின் தாளம் மூளையின் மின்னலைகளைத் தன்வயப்படுத்துவதால் ஆவேசம் பிறக்கின்றது என்று எழுதினார். விஞ்ஞான மாணவனாகிய எனக்கு அது மிக இனித்தது. பல ஆண்டு அதனையே யானும் சொல்லித் திரிந்தேன். பின்னர் கில்பேர் ரூஜே என்னும் பிரெஞ்சு அறிஞர் 1980 இல் வெளியிட்ட நூலில் அக்கொள்கையைத் தகர்த்தார். தாளமே காரணமாயின், நாளெல்லாம் முழவு கேட்கும் ஆபிரிக்காவிற் பாதிப்பேர் ஆண்டு முழுவதும் ஆவேசத்திலேயே இருக்கவேண்டும் என்பது அவர் வாதத்தின் சாரம். முழவடிப்பவனுக்கு ஆவேசம் வருவதில்லை, வேடிக்கை பார்ப்பவனுக்கும் வருவதில்லை, வரவேண்டியவருக்கே வருகின்றது. ஓசை வாயிலைத் திறக்கின்றது. உள்ளே நுழைபவர் யார் என்பதை அவ்வூரின் நம்பிக்கையும் அவ்வீட்டின் துயரமும் தீர்மானிக்கின்றன. ரூஜே கூறியதே சரியென்று இன்று கருதுகின்றேன்.

அதற்கு எங்கள் ஊரிலேயே ஒரு சான்று உண்டு. 1974 டிசம்பர் 4 ஆம் நாள் இரவு, இந்தோனேசியாவிலிருந்து மக்கா யாத்திரிகரை ஏற்றிவந்த விமானம் ஏழு கன்னியர் மலையில் மோதிச் சிதறியது. 191 பேரில் ஒருவரும் பிழைக்கவில்லை. எத்தனை ஆவிகள்! ஆயினும் அவர்களுள் ஒருவரும் எங்கள் உடுக்கிற் பேசியதாக யான் கேட்டதில்லை. அவர்களிடம் கேள்வி கேட்பதற்கு உரியவர் எங்கள் லயங்களில் இல்லை.

மேனாட்டினர் இதே விருப்பத்துக்கு வேறு கருவிகள் செய்தனர். 1848 இல் அமெரிக்காவில் பொக்ஸ் சகோதரியர் கேட்ட தட்டொலிகள், பின்னர் மேசை நகர்த்தல், சக்கரம் பூட்டிய எழுதுபலகை என்று அது வளர்ந்தது. 1853 இல் மைக்கல் பரடே எளிய ஒரு சோதனையால் மேசையை நகர்த்துவது கைகளே, கையுடையவரும் அதனை அறியார் என்று காட்டினார். 1888 இல் பொக்ஸ் சகோதரியருள் ஒருவர் அத்தட்டொலி தம் கால்விரல் மூட்டின் வித்தை என்று மேடையில் ஒப்புக்கொண்டார். 1959 இல் சுவீடனில் பிரெட்ரிக் யூர்கென்சன் என்பவர் பறவையொலி பதிந்த ஒலிநாடாவிலே இறந்தோர் குரலைக் கேட்டதாகக் கூறினார். அவர்க்குப் பின் நாடாக்களில் ஆவிகளைத் தேடியோர் பலர். இன்ன சொல் என்று முன்னரே கூறிவிட்டாற் காது அதனைக் கேட்டுவிடும். கூறாவிடின் இரைச்சலே கேட்கும்.

ஆயின் இறந்தோர் குரலை ஐயமறக் கேட்பித்த கருவி ஒன்றுண்டு. எடிசன் 1877 இல் ஆக்கிய ஒலிப்பதிகருவியே அது. மறு ஆண்டில் அதன் பயன்களைப் பட்டியலிட்டபோது, குடும்பத்தார் குரல்களையும் மரணத் தறுவாயில் உள்ளோர் சொற்களையும் காத்துவைப்பதை அவரே அதிற் சேர்த்திருந்தார். முதுமையில், 1920 இல், ஆவிகளோடு தொடர்புகொள்ளவும் ஒரு கருவி முயல்வதாகப் பத்திரிகையாளரிடம் கூறினார்; அத்தகைய கருவி எதுவும் கிடைத்திலது. இசைத்தட்டின் முகத்திலே குழாய்முன் செவிசாய்த்திருக்கும் நாயை நம்மவர் யாவரும் கண்டிருப்பர். அந்நாயை வளர்த்தவர் 1887 இல் இறந்தவர். அவர்தம் உடன்பிறந்தார் வரைந்த ஓவியம் அது. 1959 இல் மறைந்த தியாகராஜ பாகவதரை இலங்கை வானொலியிற் கேட்டுக் கொழுந்து நிறுத்த எங்கள் பெண்கள், செத்தவர் பாடுகின்றாரே என்று அஞ்சியதில்லை.

இனி, எங்கள் வீட்டில் நிகழ்ந்ததைக் கூறுவேன்.

1964 ஆம் ஆண்டின் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தப்படி 525,000 பேரை இந்தியாவும் 300,000 பேரை இலங்கையும் ஏற்பதென முடிவாயிற்று; எஞ்சிய 150,000 பேரை 1974 இல் இரு நாடும் பாதிபாதியாகப் பகிர்ந்தன. மக்களைப் பங்கிட்ட அக்கணக்கில் எங்கள் குடும்பமும் பங்கிடப்பட்டது. பெரியப்பாவுக்கும், அவர் விண்ணப்பத்திற் பெயர் சேர்ந்திருந்த அப்பாயிக்கும் இந்தியக் கடவுச்சீட்டு வந்துவிட்டது. என் தந்தையார் விண்ணப்பம் முடிவின்றிக் கிடந்தது. அத்தையின் கணவர் இலங்கைப் பிரசை. அவ்வாண்டுகளில் தோட்டங்களிற் பஞ்சம். மாவுக்கும் மரவள்ளிக்கும் மக்கள் அலைந்த காலம். பெரியப்பா போவதென்று துணிந்தார். அப்பாயி மட்டும், "அவரு என்ன சொல்றாரோ அதக் கேக்காம நான் எந்திரிக்க மாட்டேன்" என்று இருந்துவிட்டார். 'அவர்' என்றது மேட்டிலே அடங்கியிருந்த எம் பாட்டனாரை.

யான் விடுதியிலிருந்து விடுமுறைக்கு வந்திருந்தேன். சுரமானி படித்த செருக்கு முற்றாக இருந்தது. அன்று மாலை கோடாங்கித் தாத்தாவிடம் சென்று, உடுக்கைப் பார்க்கலாமா என்று கேட்டேன். சிறுவயதிலே அஞ்சிய அதே மஞ்சட் சீலையை அவரே அவிழ்த்து என் கையிற் கொடுத்தார். "புடிச்சுப் பாரு தம்பி. ஒங் கையில தோலு பேசும். ஏங் கையில ஆளு பேசும்" என்றார். யான் இடுப்பை நெருக்கி அடித்தேன். சுருதி ஏறியது, இறங்கியது. விதி சரியாகவே இருந்தது.

அன்றிரவு காம்பராவில் சாம்பிராணிப் புகையும் ஒரு குத்துவிளக்கும். உடுக்கு நெடுநேரம் முழங்கியது. கேள்விபோல ஏறியது, பதில்போல இறங்கியது. அப்பாயிமேல் இறங்கும் என்று யாவரும் எதிர்பார்த்திருக்க, மூலையிலே குழந்தையை மடியில் வைத்திருந்த அத்தை திடீரெனக் குழந்தையைக் கீழே விட்டு எழுந்தார். குரல் அவருடையதன்று. தொண்டையின் அடியிலிருந்து, எம் பாட்டனார் இருமி இருமிப் பேசுவதுபோல வந்தது. "என்னய இந்த மலையில ஒத்தையா விட்டுட்டுப் போறீங்களா? தலமாட்டுல வெளக்கு வைக்க ஆரு இருக்கா?" என்று கேட்டது. அப்பாயி நிலத்தில் விழுந்து வணங்கி, "நான் போகலங்க, நான் போகல" என்றார். பெரியப்பா வாய்திறக்கவில்லை. சுவரோடு சாய்ந்து நின்ற யான், இழுவிசையைப்பற்றி ஒன்றும் நினைத்திலேன்.

உடுக்கின் சாபம் என்று லயத்துச் சிறுவர் அஞ்சியது இன்னது என அன்று விளங்கியது. உயிரோடிருப்பவன் சொல்லை மறுக்கலாம், வாதாடலாம், மறுநாள் அவனே மாற்றிக்கொள்ளலாம். இறந்தவன் சொல்லுக்கு மேன்முறையீடு இல்லை. பெரியப்பா தம் மனைவி மக்களோடு அவ்வாண்டே அற்றன் நிலையத்திற் புகையிரதம் ஏறித் தலைமன்னார் சென்று கப்பல் கடந்தார். தந்தை சொல்லை மீறி வந்தவன் என்ற எண்ணம் இறுதிவரை அவரைவிட்டு நீங்கவில்லை என்று அவர் மகன் பின்னர் எனக்கு எழுதினான். அப்பாயியோ கையில் இந்தியக் கடவுச்சீட்டும் காலடியில் இலங்கை மண்ணுமாக, எந்த நாட்டாரும் எண்ணாத ஒருவராய் எங்களோடு தங்கினார். எஞ்சியோர்க்குக் குடியுரிமை வழங்கிய 2003 ஆம் ஆண்டுச் சட்டம் வந்தபோது அவர் இல்லை.

பிற்காலத்தில் அயோன் லூயிஸ் என்னும் மானிடவியலாளர் 1971 இல் எழுதிய நூலைப் படித்தேன். தம் வாயாற் கேட்க உரிமையற்றோர், சிறப்பாகப் பெண்கள், ஆவியின் வாயால் தம் குறையைக் கேட்கின்றனர் என்று பல நாட்டுச் சான்றுகளோடு அவர் காட்டுகின்றார். நூலை மூடியபோது அத்தை முகமே தோன்றியது. தாயும் தமையனும் போய்விட்டால் இம்மலையில் ஒத்தையாக நிற்கவேண்டியிருந்தவர் அவர் ஒருவரே. பாட்டனார் கேட்ட கேள்வி அத்தை கேட்கவேண்டிய கேள்வி. பகலிற் கேட்டிருந்தால், கட்டிக்கொடுத்த பெண் அண்ணன் பயணத்தைத் தடுக்கின்றாள் என்று ஏசியிருப்பர்.

அத்தை நடித்தார் என்று யான் எண்ணவில்லை. பரடேயின் மேசையைச் சுற்றி அமர்ந்தோரும் நடிக்கவில்லை. தள்ளியது தம் கையே என்பதை அவர்கள் அறியார். பல ஆண்டின்பின் துணிந்து அத்தையிடமே கேட்டேன். "எனக்கு ஒண்ணும் தெரியாதப்பா. உடுக்குச் சத்தம் கேட்டுச்சு. அம்புட்டுதான். புள்ள கீழ கெடந்து அழுவுறப்பதான் முழிச்சேன்" என்றார். மேலும் கேட்க எனக்கு மனம் வரவில்லை.

நீலகிரித் தேயிலையில் வேலை பெற்ற பெரியப்பா, 1981 இல், கப்பலில் வந்த உறவினர் ஒருவரிடம் ஓர் ஒலிநாடாப் பெட்டி கொடுத்தனுப்பினார். எழுதத் தெரியாதவர், ஆதலாற் பேசி அனுப்பினார். அரைமணி நேரப் பேச்சு. குளிர் நம்மூர்போலவே என்றும், பெயரனுக்கு ஐயாவின் பெயரை இட்டதாகவும், ஐயா தலைமாட்டில் விளக்கு வைக்கும்போது தன் பெயரையும் சொல்லும்படியும் வேண்டியிருந்தார். அடுத்த ஆண்டு அவர் இறந்த செய்தி வந்தபோது அங்கே கருமாதியும் முடிந்திருந்தது.

அப்பாயி நாடாவைப் போடச் சொல்லி நாள்தோறும் கேட்டார். கோடாங்கித் தாத்தா அப்போது இறந்துவிட்டார். அவர் உடுக்கை எவரும் எடுக்கவில்லை. நாடா ஓடும்போது அப்பாயி ஒவ்வொரு சொல்லுக்கும் மறுமொழி கூறுவார். இடையிடையே கேள்வியும் கேட்பார். பெரியப்பாவின் குரல் நிற்காமற் சென்றுகொண்டேயிருக்கும். ஒருநாள் யான் பொத்தானை அமுக்கி நிறுத்தியபோது, என்னை நிமிர்ந்து பார்த்து, "எல்லாம் அவனேதான் பேசுறான். ஆனா நான் கேட்டதுக்கு ஒண்ணும் சொல்ல மாட்டேங்கிறானே தம்பி, ஏன்?" என்று கேட்டார். அது பதிந்த குரல் என்று விளக்கினேன். முழுவதும் கேட்டுவிட்டு, மீண்டும் போடச் சொன்னார்.